நீமோவின் கடிகாரமும் மன்னார்ப் பாரும்

விஞ்ஞானிகள் குழுவொன்று கருவிகளோடு கடலுக்குப் போகிறது. இதுவரை எவரும் சரியாக அளக்காத கடற்பாறைத் தொடர் ஒன்றை அளந்து வரைபடமாக்க வேண்டும். அளக்க அளக்கக் கணக்குப் பிசகுகிறது. ஒருவரின் கடிகாரம் மற்றவரின் கடிகாரத்தோடு ஒத்துப்போவதில்லை. போனவர்கள் ஒரு கிழமை என்கிறார்கள். கரையில் காத்திருந்தவர்கள் பத்து வருடம் என்கிறார்கள். அறிவியல் புனைகதை வாசிக்கிறவர்களுக்கு இந்தக் கதை புதிதல்ல. கடலுக்குப் பதில் கோளம் வரும், பாறைக்குப் பதில் காடு வரும். எலும்புக்கூடு ஒன்றுதான்.

எங்கட வாசகர்களில் பலர் இதை மேல்நாட்டாரின் பொழுதுபோக்கு என்று ஒதுக்கிவிடுவதுண்டு. அப்படி ஒதுக்க முடியாத ஒரு காரணம் எனக்கு இருக்கிறது. இந்தக் கதைவகைக்குத் தாய்நூல்களில் ஒன்று எங்கள் கரைக்கே வந்து போயிருக்கிறது. பிரெஞ்சு எழுத்தாளர் ஜூல்ஸ் வேர்ண் 1869, 1870 ஆம் ஆண்டுகளில் தொடராக வெளியிட்ட 'கடலடியில் இருபதாயிரம் லீக்குகள்' நாவலின் இரண்டாம் பாகத் தொடக்கத்தில், நீர்மூழ்கிக் கப்பல் நோட்டிலஸ் இலங்கையை அடைந்து மன்னார் முத்துப்பாரில் இறங்குகிறது. சுருக்கப் பதிப்பில் வாசித்தவர்களுக்குச் சுறாவோடு நடந்த சண்டை ஞாபகம் இருக்கும். அதைத் தவிர வேறு ஒன்றும் ஞாபகம் இராது.

அந்த அத்தியாயத்தை இப்போது திரும்ப வாசித்தபோது என்னைப் பிடித்து நிறுத்தியது சுறா அல்ல, கடிகாரம். ஒரு கடலை அளக்கப் போகிறவன் எந்தக் கடிகாரத்தைக் கொண்டு போகிறான்? அங்கு ஏற்கெனவே இருப்பவர்களின் காலத்தை அவன் எதனால் கேட்காமல் விடுகிறான்? இந்தக் கேள்வியோடு வாசித்தால், வேர்ணின் கதை இன்றைய முசலிக் கரைவரை வந்து சேருகிறது.

சூரியனும் சந்திரனும் இல்லாத மணிக்கூடு

கதைச்சுருக்கம் பலருக்குத் தெரியும். பரிஸ் நூதனசாலைப் பேராசிரியர் அரோனாக்ஸ், அவருடைய பணியாளன் கொன்செய், கனடியத் திமிங்கில வேட்டைக்காரன் நெட் லாண்ட் ஆகிய மூவரும் கப்டன் நீமோவின் கப்பலில் கைதிகளாகின்றனர். கைதி என்றாலும் பேராசிரியருக்கு இது ஒரு ஆய்வுப் பயணம்தான். அவர் குறிப்பெடுக்கிறார், வகைப்படுத்துகிறார், ஆழம் எழுதுகிறார்.

நீமோ தன் கப்பலைச் சுற்றிக் காட்டும்போது மின்சாரத்தில் ஓடும் மணிக்கூடு ஒன்றையும் காட்டுகிறான். அதன் முகப்பில் 12 அல்ல, 24 மணிகள். தனக்கு இரவும் இல்லை பகலும் இல்லை, சூரியனும் இல்லை சந்திரனும் இல்லை, செயற்கை வெளிச்சம் மட்டுமே உண்டு என்பது அவன் தரும் விளக்கத்தின் சாரம். நாளில் ஐந்து வேளை சூரியனைக் கொண்டும், மாதத்துக்கொரு தடவை பிறையைக் கொண்டும் காலம் பார்க்கிற சமூகத்தைச் சேர்ந்த வாசகர் இந்த இடத்தில் ஒரு கணம் நிற்பார். நிற்கத்தான் வேண்டும். வானத்தைக் கழித்துவிட்ட காலம் இது. மனிதன் தானே செய்து தானே சாவி கொடுக்கிற காலம்.

ஆனால், வேர்ண் நல்ல எழுத்தாளர். தன் கதாநாயகனின் இந்தப் பெருமையை அவரே இரண்டு தடவை உடைத்துப் போடுகிறார்.

முதலாவது, டொரஸ் நீரிணையில். 1868 ஜனவரி 4 இல் நோட்டிலஸ் பவளப்பாறையில் ஏறிச் சிக்கிக்கொள்கிறது. நெட் லாண்ட் கப்பலின் கதை முடிந்தது என்கிறான். நீமோவோ பதறவில்லை. ஐந்து நாளில் பூரணை, வெள்ளம் ஏறும், கப்பல் மிதக்கும் என்கிறான். சொன்னபடியே 9 ஆம் திகதி பிற்பகல் 2 மணி 40 நிமிடத்துக்குக் கப்பல் கிளம்புகிறது. வாசகர் நீமோவின் கணக்கை வியக்கிறார். கொஞ்சம் யோசித்தால், அவனை மீட்டது எது? எனக்கு இல்லை என்று அவன் கழித்துவிட்ட அதே சந்திரன்தான். மின்சார மணிக்கூட்டால் பாறையிலிருந்து ஒரு அங்குலமும் நகர முடியவில்லை.

இரண்டாவது, நாவலின் முடிவில். நீமோ ஒரு போர்க்கப்பலை ஆட்களோடு மூழ்கடிக்கிறான். அதன் பிறகு நோட்டிலஸ் வடக்கே ஓடுகிறது. எத்தனை நாள் ஓடியது என்று பேராசிரியரால் சொல்ல முடியவில்லை. கப்பலின் மணிக்கூடுகள் நிறுத்தப்பட்டிருக்கின்றன. துருவப் பகுதியைப் போல இரவும் பகலும் ஒழுங்கு தவறிக் கிடக்கின்றன. இந்த நாவலில் காலம் உண்மையாகவே பிசகும் இடம் இது ஒன்றுதான். அது எந்த மர்மப் பாறையின் வேலையுமல்ல. மனிதர்களைக் கொன்ற பிறகு நேர்ந்த பிசகு. பின்வந்த எத்தனையோ கதைகள் 'காலம் திரியும் இடம்' என்று தொலைதூரக் கடலைக் காட்டின. வேர்ண் அந்தத் திரிபைக் கப்பலுக்குள், அளக்க வந்தவனின் கைக்குள் வைத்தார். அவருடைய நாவல் இன்றைக்கும் வாசிக்கத் தகுவது இதனால்தான் என்பது என் எண்ணம்.

பெயரில்லாத குளிப்பாளி

இனி மன்னார். ஜனவரி 28 இல் நோட்டிலஸ் இலங்கையை நெருங்குகிறது. கப்பலின் நூலகத்தில் சேர் எழுதிய இலங்கை பற்றிய ஆங்கில நூலைப் பேராசிரியர் புரட்டிப் பார்க்கிறார். முத்துக்குளிப்பு மார்ச்சில்தான் நடக்கும், இப்போது பருவமில்லை என்று நீமோவும் சொல்கிறான். ஆனாலும், முந்திவந்த குளிப்பாளி எவனாவது அகப்பட்டால் பார்க்கலாம் என்று எல்லாரும் நீருக்குள் இறங்குகின்றனர்.

முதலில் நீமோ அவர்களை ஒரு குகைக்குள் அழைத்துப் போகிறான். அங்கே பென்னம்பெரிய சிப்பி ஒன்று. அதற்குள் தேங்காய் அளவில் ஒரு முத்து. நீமோ அதை எடுக்கவில்லை. வருடா வருடம் வளரட்டும் என்று விட்டு வைத்திருக்கிறான். காலம் அவனுக்கு வட்டி போட்டுக் கொடுக்கிறது. கரையில் வங்கிக்காரர் செய்வதை அவன் கடலுக்கடியில் செய்கிறான்.

குகையை விட்டு வெளியே வந்ததும் குளிப்பாளி. காலில் கல், இடுப்பில் பை, மேலே ஒரு சின்னத் தோணி. இறங்குகிறான், கைக்கு வந்த சிப்பிகளைப் பிடுங்குகிறான், ஏறுகிறான், திரும்ப இறங்குகிறான். மூச்சுக் கவசம் போட்ட பார்வையாளர்கள் பாறையோரம் ஒளிந்து நின்று பார்க்கின்றனர். அவர்களின் காலம் மணிக்கணக்கு. அவனுடைய காலம் ஒரு மூச்சு. பக்கத்தில் பக்கமாக இரண்டு கடிகாரங்களை இவ்வளவு தெளிவாக வைத்த காட்சி அந்த நூற்றாண்டுப் புனைகதையில் அரிது. பிறகு சுறா வருகிறது. நீமோ கத்தியோடு பாய்கிறான். நெட் லாண்டின் ஈட்டி இருவரையும் காப்பாற்றுகிறது. மயங்கிய குளிப்பாளியை மேலே தூக்கி, அவன் கையில் ஒரு முத்துப் பையை வைத்துவிட்டு எல்லாரும் போய்விடுகின்றனர். ஒடுக்கப்பட்ட நாட்டின் மகன் அவன், நானும் அந்த நாட்டைச் சேர்ந்தவனே என்ற கருத்தில் நீமோ பின்னர் பேசுகிறான்.

இந்தக் காட்சியின் மனிதாபிமானத்தை நான் குறைத்துச் சொல்ல வரவில்லை. 1870 இல் ஒரு ஐரோப்பிய எழுத்தாளர் குடியேற்ற ஆட்சியை இப்படிக் கண்டித்தது சின்ன விடயமல்ல. ஆனால், அந்தக் குளிப்பாளிக்குப் பெயர் இல்லை. ஒரு சொல்லும் அவன் பேசவில்லை. நாவல் முழுக்க மீனுக்கும் நத்தைக்கும் பாசிக்கும் லத்தீன் பெயர்கள் வரிவரியாக வருகின்றன. கொன்செய்க்கு அவற்றின் குடும்பமும் இனமும் மனப்பாடம். சிப்பிக்கும் பெயர் உண்டு. சிப்பி எடுத்தவனுக்குத்தான் இல்லை. நீமோ என்றால் லத்தீனில் 'எவனுமில்லை' என்று பொருள். தன் பெயரைத் தானே துறந்தவன் ஒருவன். பெயர் கொடுக்கப்படாதவன் மற்றவன். இருவரையும் ஒரு தட்டில் வைத்து, இருவரும் ஒன்றுதான் என்று நாவல் சொல்லாமல் சொல்கிறது. ஒன்றல்ல.

'சிறுபிள்ளைக் கதையிட்ட போய்க் குளிப்பாளியின் பேரைக் கேட்கிறது நியாயமா?' என்று கேட்பவர்கள் இருப்பார்கள். நியாயந்தான். மற்ற எல்லாவற்றினதும் பெயரைத் தெரிந்து வைத்திருக்கிற நூலிடம் இதைக் கேட்கலாம்.

அவன் யாராக இருந்திருப்பான்? மன்னார்ப் பாரில் குளித்தவர்கள் யாரென்பது மறைவான சங்கதியல்ல. கீழக்கரை மரைக்காயர்மாரும், தூத்துக்குடிப் பரதவரும், யாழ்ப்பாண, மன்னார்க் கரைகளின் ஆட்களும், பிற்காலத்தில் பாரசீக வளைகுடாவிலிருந்து வந்த அரபிகளும் அங்கே குளித்தனர். சுறாவின் வாயைக் கட்டுவதற்கென்றே 'கடற்கட்டி' என்ற மந்திரக்காரர் கரையில் இருந்தார். பார்கள் அரசாங்கத்தின் தனியுரிமை. எடுத்த சிப்பியில் மூன்றில் இரண்டு பங்கு அரசாங்கத்துக்கு, ஒரு பங்கு குளித்தவர்களுக்கு என்ற ஏற்பாடு பிரித்தானியர் காலத்தின் பிற்பகுதியில் நிலவியது. அறிவிக்கப்படாத பருவத்தில் குளிப்பது குற்றம். அப்படியானால் வேர்ண் காட்டும் 'முந்திவந்த' குளிப்பாளி சட்டத்தின் கண்ணில் திருடன். வறுமை அவனைப் பருவத்துக்கு முன்னே கடலுக்குள் தள்ளியிருக்கிறது. இந்த உண்மையான ஆபத்து நாவலுக்குத் தெரியவில்லை. அதற்குத் தெரிந்த ஆபத்து சுறா மட்டும்தான்.

இதே கரையைப் பற்றி லெனார்ட் வுல்ஃப் எழுதிய 'முத்துக்களும் பன்றிகளும்' என்ற சிறுகதையை ஒப்பிட்டுப் பார்க்கலாம். வுல்ஃப் 1906 இல் மரிச்சுக்கட்டி முத்துக்குளிப்பு முகாமில் அரசாங்க உத்தியோகத்தராகக் கடமை செய்தவர். அவருடைய கதையில் குளிப்பில் மௌத்தான அரபி ஒருவரின் உடல் கரைக்கு வருகிறது. கூட்டாளிகள் அவரைச் சுற்றி நின்று துக்கம் கொண்டாடும் அமைதியை, அதே முகாமில் குடிவெறியில் பிதற்றிச் சாகும் வெள்ளைக்காரனின் சாவுக்கு எதிரே வுல்ஃப் நிறுத்துகிறார். குளிப்பாளி அங்கேயும் உயிரோடு பேசவில்லை. ஆனால் அவருக்கென்று ஆட்கள் இருக்கிறார்கள், அவருக்காகப் பேச ஒரு மூத்தவர் இருக்கிறார். வேர்ணிலிருந்து வுல்ஃபுக்கு வரும்போது நாம் நடந்த தூரம் அவ்வளவு.

நீமோ பற்றி இன்னொன்று. 1874, 1875 இல் வந்த 'மர்மத் தீவு' நாவலில் வேர்ண் அவனுடைய பிறப்பைச் சொல்கிறார்: பண்டேல்கண்ட் ராஜாவின் மகன் இளவரசர் டக்கார், திப்பு சுல்தானின் உறவு வழியில் மருமகன், 1857 கிளர்ச்சியில் போராடித் தோற்றவன். இதைப் படித்துவிட்டு 'நீமோ எங்கட ஆள்' என்று பெருமைப்படுகிறவர்களை நான் கண்டிருக்கிறேன். பெருமைப்படுவதற்கு முன்னர் கணக்கைப் பார்க்க வேண்டும். முதல் நாவலின்படி பேராசிரியர் கப்பலுக்கு வந்தது 1867 இல். இரண்டாம் நாவலில் 1868 இல் சாகும் நீமோ, அது 16 வருடத்துக்கு முந்திய கதை என்கிறான். அப்படியென்றால் 1852. கிளர்ச்சி நடக்கு முன்னமே, கிளர்ச்சியில் தோற்றவன் கடலுக்குள் இறங்கிவிட்டான்! காலத்தைத் துல்லியமாக அளந்த நாவலாசிரியரின் சொந்தக் காலமே பிசகிவிட்டது. முதலில் நீமோவை ரஷ்யரால் குடும்பத்தை இழந்த போலந்துக்காரனாக்கவே அவர் எண்ணியிருந்தார். பதிப்பாளர் ஹெட்ஸல் உடன்படவில்லை. ஒடுக்கப்பட்டவனின் பெயர்ச்சீட்டை விற்பனைக்கு ஏற்ப மாற்றி ஒட்டலாம் என்றால், அதை எடுத்து நெஞ்சில் குத்திக்கொள்வதில் நமக்கென்ன லாபம்?

பாரின் சொந்த நாட்காட்டி

பவளப்பாறை காலம் இல்லாத இடம் என்ற எண்ணம் கதைகளில் ஊறியது. வேர்ணும் விலக்கல்ல. பவளக் காட்டுக்குள் அவர் ஒரு மையவாடி அமைக்கிறார். இறந்த மாலுமியை அங்கே அடக்குகின்றனர். பவளம் வளர்ந்து கப்றை என்றென்றைக்கும் மூடிவிடும் என்பது நம்பிக்கை. அழகான காட்சிதான். உண்மை வேறு. பவளம் காலத்தை மறப்பதில்லை, எழுதி வைக்கிறது. மரத்தின் வளையம்போல அதன் சுண்ணாம்புக் கூட்டில் வருடப் பட்டைகள் உண்டு. ஜோன் வெல்ஸ் என்ற அமெரிக்க ஆய்வாளர் 1963 இல், டெவோனியன் காலப் பவளச் சுவடுகளில் வருடமொன்றுக்கு ஏறத்தாழ 400 நாட்கோடுகளை எண்ணிக் காட்டினார். அன்றைய பூமி வேகமாகச் சுழன்றது, நாள் சிறியது, வருடத்தில் நாட்கள் அதிகம். கற்பனைக்காரர் தேடிய 'வேறு காலம் ஓடும் பாறை' உண்மையிலேயே இருந்திருக்கிறது. அது காலத்தைத் திரிக்கவில்லை. நம்முடைய 365 தான் எல்லாக் காலத்துக்கும் பொது என்ற நினைப்பைத் திருத்தியது.

மன்னார்ப் பாருக்கும் அப்படியொரு நாட்காட்டி உண்டு. 1902 ஜனவரியில் லிவர்பூல் பேராசிரியர் வில்லியம் ஹேர்ட்மன், உதவியாளர் ஜேம்ஸ் ஹோர்னெல்லுடன் அரசாங்கத்தின் அழைப்பில் இங்கு வந்தார். லேடி ஹவ்லொக் என்ற நீராவிக் கப்பலில் பார்களைச் சுற்றினார். 1903 முதல் 1906 வரை றோயல் சொசைட்டி அவருடைய அறிக்கையை ஐந்து பாகங்களாக வெளியிட்டது. அவரிடம் கேட்கப்பட்ட கேள்வி கதையில் வரும் கேள்விபோலவே இருக்கும்: சில வருடம் பார் நிறையச் சிப்பி, பிறகு பத்து வருடம் ஒன்றுமில்லை, ஏன்? பெரிய பாரில் குஞ்சுச் சிப்பி கோடிக்கணக்கில் நிறையும். அள்ளும் வயது வருமுன் சோழகக் காற்றுக் காலத்துக்குப் பிறகு பார்த்தால் காணாது. செவல் பாரில் அப்படியில்லை, நின்று பிடிக்கும். பக்கத்துப் பக்கத்துப் பார்கள், வேறு வேறு காலம். நீரோட்டம், மண் மூடுதல், மீன்களின் இரை என்று ஹேர்ட்மன் காரணங்களை எழுதினார். முத்து உண்டாவதற்குப் புழுவே காரணம் என்று அவர் வற்புறுத்திய கோட்பாடு பின்னர் நிலைக்கவில்லை.

1905 இல் எட்டுக் கோடிக்கு மேல் சிப்பி அள்ளினர். அடுத்த வருடம் பார்கள் லண்டன் கம்பனியொன்றுக்குக் குத்தகைக்குப் போயின. 1907 உடன் பெருங்குளிப்பு முடிந்தது. ஐந்து பாக அறிவு அச்சேறி முடிவதற்கும் பார் வெறுமையாவதற்கும் இடையில் ஒரு வருடந்தான். ஹேர்ட்மனைக் குறை சொல்வதற்காக இதை எழுதவில்லை, அவர் உழைப்பாளி. ஆனால் 'பெரிய பார்', 'செவல் பார்' என்று அவருடைய வரைபடத்தில் இருக்கும் பெயர்கள் லிவர்பூலிலிருந்து வந்தவையல்ல. எத்தனை பாகம் ஆழம், எந்தக் காற்றுக்கு எந்தப் பாரில் இறங்கலாம் என்று தலைமுறையாகத் தெரிந்து வைத்திருந்தவர்களின் வாய்ச்சொற்கள் அவை. வரைபடத்தில் சொல் இருக்கிறது, சொன்னவர் இல்லை. வேர்ணின் நாவலில் கண்ட அதே குறை அறிவியலிலும்.

வெள்ளிக்காசு சொன்ன காலம்

அளக்கப் போனவன் தோற்பதை நேர்மையாக எழுதியவர் போலந்து எழுத்தாளர் ஸ்தானிஸ்லாவ் லெம். 1961 இல் வெளிவந்த 'சோலாரிஸ்' நாவலில், ஒரு கோளை மூடிக் கிடக்கும் கடலை ஆய்வுக் குழுக்கள் தலைமுறை தலைமுறையாக அளக்கின்றன. நூலகம் நிறைய வகைப்பாடுகள், கோட்பாடுகள், சண்டைகள். கடல் எதற்கும் அடங்கவில்லை. பதிலுக்கு அது ஆய்வாளரின் மனதைக் கிண்டி, அவரவர் இழந்தவர்களைக் கொண்டுவந்து நிறுத்துகிறது. கெல்வின் என்ற ஆய்வாளன் முன், பத்து வருடத்துக்கு முன் தற்கொலை செய்துகொண்ட மனைவி அதே பத்தொன்பது வயதில் வந்து நிற்கிறாள். அவனுக்கு வயது ஏறிவிட்டது, அவளுக்கு ஏறவில்லை. வேற்றுலகைத் தேடிப் போன மனிதன் கடைசியில் தன் குற்றத்தைத்தான் கண்டுகொள்கிறான். லெம் பிறந்த லுவோவ் நகரம் இரண்டாம் உலக யுத்தத்தோடு சோவியத் பக்கம் போக, அவருடைய குடும்பம் கிராகோவுக்கு இடம்பெயர்ந்தது. வரைபடம் மாறினால் வீட்டுக்கு என்ன நடக்கும் என்று தெரிந்தவர் எழுதிய நாவல் அது.

காலம் பிசகுவதைப் பற்றி நமக்கு ஜும்ஆ நாள்தோறும் ஓதப் பழக்கப்பட்ட ஒரு ஸூறா இருக்கிறது. அல்கஹ்ஃப் வரலாற்றை அறிவியல் புனைகதையோடு சமப்படுத்துவது என் நோக்கமல்ல. அது வஹீ, இது மனிதக் கற்பனை. ஆனால் வாசிப்புக்கு ஒரு ஒழுக்கத்தை அதிலிருந்து எடுத்துக்கொள்ளலாம். குகையில் விழித்தெழுந்த இளைஞர்கள் ஒரு நாளோ அதில் கொஞ்சமோ தூங்கியதாக நினைத்தனர். உணவு வாங்க வெள்ளிக்காசோடு ஒருவரை நகரத்துக்கு அனுப்பினர். அந்தக் காசுதான் அவர்களைக் காட்டிக்கொடுத்தது என்று முஃபஸ்ஸிர்கள் விவரிப்பர். அவர்கள் தங்கிய காலம் முந்நூறு, அதோடு ஒன்பது. சூரியக் கணக்கில் முந்நூறு, சந்திரக் கணக்கில் முந்நூற்று ஒன்பது என்று விளக்கம் கூறிய அறிஞர்களும் உண்டு. ஒரே தூக்கம், இரண்டு கடிகாரம், இரண்டும் பொய்யல்ல. அதற்குப் பிறகும், எவ்வளவு காலம் என்பதை அல்லாஹ்வே நன்கறிவான் என்று கற்பிக்கப்படுகிறது. அளவைச் சொல்லிவிட்டு அளவின் எல்லையையும் சொல்லுகிற அந்த அடக்கம், நீமோவின் மணிக்கூட்டுக்கு நேர் எதிர்.

அதே ஸூறாவில் மூஸா நபி இரு கடல்கள் சந்திக்குமிடத்துக்குப் போகிறார்கள். அங்கே கடலில் உழைக்கும் ஏழைகளின் தோணி துளைக்கப்படுகிறது. காரணம் பிறகுதான் தெரிகிறது: நல்ல தோணிகளையெல்லாம் அபகரிக்கும் அரசன் ஒருவன் பின்னால் இருக்கிறான். அந்தக் கடலில் ஆபத்து சுறா அல்ல, அரசன். வேர்ண் தவறவிட்டதை இந்த வரலாறு சொல்லுகிறது.

காசு என்றதும் இன்னொரு பாறை. 1961 இல் மைக் வில்சன், கிரிந்தைக்கு அப்பால் கிரேட் பாசஸ் பாறையில் மூழ்கிக் கிடந்த கப்பலொன்றிலிருந்து வெள்ளி ரூபாய்களைக் கண்டெடுத்தார். இலங்கையில் குடியிருந்த ஆர்தர் சி. கிளார்க் அதை 1964 இல் 'பெரும்பாறையின் புதையல்' என்ற நூலாக்கினார். பவளம் பிடித்துக் கட்டிகட்டியாகக் கிடந்த காசுகளைச் சுத்தப்படுத்தினால், அவுரங்கசீப் ஆலம்கீரின் பெயர், சூரத் அக்கசாலை, ஹிஜ்ரி 1113. அதாவது கி.பி. 1702 அளவில். கிளார்க் அண்டவெளியின் தூரகாலத்தை எழுதிப் பேரெடுத்தவர். அவருடைய கைக்கு வந்த கடற்காலமோ பிறைக்கணக்கில் எழுதப்பட்டிருந்தது. அந்தப் பாறையின் மணியை வாசிக்க ஹிஜ்ரி தெரிந்திருக்க வேண்டும். கிளார்க்கின் நூல் விறுவிறுப்பானது, தன் அறியாமையை மறைக்காதது. ஆனாலும் அந்தக் கப்பலில் வந்த ஆட்கள் யார், எவருடைய சரக்கு, கரையில் எவர் காத்திருந்தார் என்பது அங்கும் புதையலுக்குப் பின்னால் மறைந்துவிடுகிறது.

இருபது வருடத்துக் காடு

இவ்வளவையும் எழுத வைத்த காரணத்துக்கு வருகிறேன். வேர்ணின் நோட்டிலஸ் இறங்கிய, ஹேர்ட்மன் அளந்த, வுல்ஃப் முகாமிட்ட பார்களுக்கு நேரே கரையில் சிலாவத்துறையும் மரிச்சுக்கட்டியும் கரடிக்குளியும் பாலைக்குளியும் இருக்கின்றன. முத்துக்குளிப்பு ஓய்ந்த பிறகும் அந்த ஊர்களில் ஆட்கள் இருந்தனர். மீன் பிடித்தனர், வயல் செய்தனர், பள்ளி கட்டினர். 1990 ஒக்டோபரில் விடுதலைப் புலிகள் வட மாகாண முஸ்லிம்களை வெளியேற்றியபோது ஏறத்தாழ 75,000 பேர் ஊரிழந்தனர். முசலிப் பிரதேச மக்களும் அதில் அடக்கம். பலர் புத்தளம், கற்பிட்டிப் பக்கம் ஓலைக் கொட்டில்களில் இருபது வருடம் கழித்தனர். 2009 இல் யுத்தம் முடிந்து திரும்பியபோது வீட்டு முற்றத்தில் காடு.

2012 இல் வெளியான வர்த்தமானி அறிவித்தலொன்று மரிச்சுக்கட்டி, கரடிக்குளிப் பகுதியை ஒதுக்குக் காடாக்கியது. 2017 இல் இன்னொரு அறிவித்தல் மாவில்லுப் பக்கம் பாதுகாப்பு வனத்தைப் பிரகடனப்படுத்தியது. காட்டைக் காக்க வேண்டும் என்பதில் எனக்கு வேறு கருத்தில்லை. மழையும் மண்ணும் எல்லாருக்கும் வேண்டும். கேள்வி வேறு. காட்டின் வயதை எந்த வருடத்திலிருந்து எண்ணுவது? ஆட்கள் இல்லாத வருடத்தில் மேலிருந்து படம் பிடித்தால் காடுதான் தெரியும். திரும்பி வந்தவர் தன் கிணற்றுக்கட்டைக் காட்டி, இது ஊர் என்கிறார். படம், இது காடு என்கிறது. இரண்டும் உண்மை. வேறு வேறு கடிகாரம். எந்தக் கடிகாரம் வரைபடமாகிறது என்பதில்தான் ஒருவருக்குக் காணி கிடைப்பதும் இல்லாமற் போவதும் இருக்கிறது.

இதனால்தான் ஆளில்லாத மர்ம வெளி என்ற கதைமரபை நான் சும்மா விட விரும்பவில்லை. ஓரிடம் வெறுமையாக இருந்தால், அது எப்போது, எவரால் வெறுமையானது என்று கேட்கும் பழக்கத்தை அந்த மரபு வாசகரிடமிருந்து மெல்ல எடுத்துவிடுகிறது. பாறை தானாகவே மர்மமானது, காலம் தானாகவே திரிந்தது என்று நம்பப் பழகிவிட்டால், காடும் தானாகவே முளைத்தது என்று நம்புவதற்கு அதிக நேரம் எடுக்காது. வேர்ணும் லெமும் தம் சிறந்த இடங்களில் இதற்கு மாறாகவே எழுதினர். ஒருவர் கொலைக்குப் பிறகு மணிக்கூட்டை நிறுத்தினார். மற்றவர் கடலை ஆய்வாளனின் குற்றக் கணக்காக்கினார். அவர்களைப் பின்பற்றுகிறவர்கள் மர்மத்தை எடுத்துக்கொண்டு கணக்கை விட்டுவிட்டனர்.

எங்கட பக்கமிருந்து இப்படியொரு நாவல் வருமானால் நான் ஆவலோடு வாசிப்பேன். அளக்கும் குழு வரட்டும், கருவியும் வரட்டும், காலமும் பிசகட்டும். ஆனால் முதல் அத்தியாயத்தில் தோணியில் கயிறு பிடித்திருப்பவர் பேச வேண்டும். அவருடைய பெயர், வாப்பாவின் பெயர், அவர் அறிந்த பாரின் பெயர் வேண்டும். சோழகம், கச்சான், வாடை, கொண்டல் என்று காற்றால் அவர் எண்ணும் வருடம் வேண்டும். அதை எழுதுவதற்கு முன் செய்ய வேண்டிய வேலையும் இருக்கிறது. முசலிக் கரையில் திரும்பிக் குடியேறிய மூத்தவர்களிடமும், புத்தளத்திலேயே தங்கிவிட்டவர்களிடமும் பார்களின் பெயர்களையும் கிணறுகளின் பெயர்களையும், எந்த வருடம் எது எங்கே இருந்தது என்பதையும் கேட்டு எழுத வேண்டும். அவர்கள் ஒவ்வொருவராக மௌத்தாகிக்கொண்டு வருகிறார்கள். வாப்பாமாரிடம் கேட்டுவைத்த சங்கதிகளை ஒரு கொப்பியில் எழுதிவைத்திருக்கிற வாசகர் எவராவது இருந்தால், அதை இந்தப் பக்கங்களுக்கு அனுப்பட்டும்.